உள்ளே யார், வெளியே யார்

பத்தாம் வகுப்புக் கணக்கில் நான் வாங்கியது 38. முப்பத்தைந்து எடுத்தால் பாஸ் என்பதால் வீட்டில் யாரும் திட்டவில்லை. அம்மா பாயசம் வைத்தாள். அந்த மூன்று மார்க் தயவில் பிளஸ் ஒன்னில் காமர்ஸ் எடுத்துக் கணக்கைத் தலைமுழுகினேன். நாலு வருடம் கழித்து, 1999-இல், அதே கணக்கு அரவேணு பஜாரில் பத்துக்குப் பன்னிரண்டு அடிக் கடை ஒன்றில் என் எதிரே வந்து உட்கார்ந்துகொண்டது. எழுந்து போக எட்டு வருடம் பிடித்தது.

கோத்தகிரியிலிருந்து மேட்டுப்பாளையம் இறங்குகிற சாலையில் இருக்கிறது அரவேணு. வெளியூர்க்காரர்களுக்கு அது கேத்தரின் அருவிக்குத் திரும்புகிற இடம். எங்களுக்குக் கொழுந்து ஏற்றிய லாரி, ஃபேக்டரியிலிருந்து வரும் வறுபட்ட வாசனை, வளைவுக்கு வளைவு ஹாரன் அடித்தபடி ஏறி வரும் பஸ். அப்பா ஒரு தேயிலை ஃபேக்டரியில் டிரையர் பார்த்தார். நான் கோத்தகிரியில் டைப்ரைட்டிங் படித்தேன். தமிழ் ஹையர், இங்கிலீஷ் ஹையர் இரண்டும் முடித்துவிட்டு, அதே இன்ஸ்டிட்யூட்டின் மூலையில் இருந்த கம்ப்யூட்டரில் வேர்ட்ஸ்டாரும் கற்றுக்கொண்டேன். கறுப்புத் திரை. ஓர் எழுத்தை மேலே தூக்கிப் போட கன்ட்ரோல் பி, டி. கீழே இறக்க கன்ட்ரோல் பி, வி. தூக்கியது திரையில் தெரியாது, பிரிண்டரில் வந்தால்தான் தெரியும். கணக்கு என்று வேர்ட்ஸ்டாருக்குத் தெரிந்தது எனக்குத் தெரிந்த அளவுதான்.

கடையில் ஒரே கம்ப்யூட்டர். விண்டோஸ் 98, வேர்ட் 97, 32 எம்பி மெமரி, பதினாலு அங்குலத் திரை. பக்கத்தில் டாட் மேட்ரிக்ஸ் பிரிண்டர், வாசலில் எஸ்டிடி கூண்டு. கடைக்கார அண்ணாவுக்கு வருமானம் எஸ்டிடியில். டிடிபி என்பது போர்டில் எழுதிக்கொள்ள. கல்யாணப் பத்திரிகை, மகளிர் சுய உதவிக் குழுத் தீர்மானம், கொழுந்து விலை கேட்டு கலெக்டருக்கு மனு. அந்த வருடங்களில் விலை விழுந்துகொண்டே இருந்ததால் மனுவுக்குக் குறைவே இல்லை. ஒரு மனுவை வைத்துக்கொண்டு ஊர்ப்பெயரையும் தேதியையும் மட்டும் மாற்றி மாற்றிக் கொடுத்திருக்கிறேன்.

அந்த ஐப்பசி மழையில்தான் கணக்கு சார் வந்தார். தொட்டபெட்டாவுக்குக் கிழக்கே இருப்பதால் எங்கள் பக்கத்துக்கு ஆடி மழை அவ்வளவாக வராது; ஐப்பசியும் கார்த்திகையும்தான் மழைக்காலம். அரையாண்டுத் தேர்வுக்கு வினாத்தாள் தயாராகிற காலமும் அதுவே. அதனால் என் நினைவில் கணக்கு எப்போதும் நனைந்தே இருக்கிறது. குடையை வாசலில் சாத்திவிட்டு, சட்டைக்குள்ளிருந்து பிளாஸ்டிக் உறையில் சுற்றிய நாலு தாளை எடுத்து வைத்தார்.

"ஏம்மா, இதெல்லாம் உங்க கம்ப்யூட்டர்ல வருமா?"

பார்த்தேன். கொக்கி கொக்கியாக நீண்ட எஸ். அதன் தலையில் ஓர் எண், காலில் ஓர் எண். கூட்டல், பெருக்கல், கிரேக்க எழுத்து, பெரிய அடைப்புக்குள் மூன்று நிரை மூன்று நிரல் எண்கள். வராது என்று சொல்ல வாயெடுத்தேன். அண்ணா முந்திக்கொண்டார். "வரும் சார், நாளைக்கு வாங்க."

அதுவரை சார் ஸ்டென்சிலில் எழுதிக்கொண்டிருந்தார். மெழுகுத்தாளில் டைப் அடிக்க முடிந்ததை அடித்து, குறிகளுக்கு இடம் விட்டு, பிறகு ஊசிமுனைப் பேனாவால் ஒவ்வொன்றாகக் கீறுவார். கை அழுந்தினால் தாள் கிழியும், அழுந்தாவிட்டால் மை இறங்காது. தப்பு விழுந்தால் நகப்பாலிஷ் மாதிரி நாற்றமடிக்கும் ஒரு ரோஸ் நிறத் திரவத்தைத் தடவி, காயும்வரை வாயால் ஊதி, மேலே மறுபடி கீற வேண்டும். ஒரு வினாத்தாளுக்கு இரண்டு நாள் ஆகும் என்றார். பார்வை மங்கிவிட்டதால் இனி முடியாது என்பதை அவர் சொல்லவில்லை. ஸ்டென்சிலை அவர் எவ்வளவு பக்கத்தில் வைத்துக்கொண்டு எனக்குக் காட்டினார் என்பதிலிருந்து நானே தெரிந்துகொண்டேன்.

வேர்டுக்குள் சமன்பாடு அடிக்கிற வசதி இருந்தது. ஆனால் சாதாரணமாக நிறுவினால் அது உள்ளே வராது. சிடியைப் போட்டு, கஸ்டம் என்பதைத் தேர்ந்து, ஒரு கட்டத்தில் டிக் அடித்தால்தான் வரும். குன்னூரிலிருந்து சிடி வந்து சேர மூன்று நாள் ஆயிற்று. இன்செர்ட், ஆப்ஜெக்ட், மைக்ரோசாஃப்ட் ஈக்வேஷன் 3.0. பெயர்தான் மைக்ரோசாஃப்ட், செய்து கொடுத்தது கலிபோர்னியாவில் லாங் பீச் என்ற ஊரிலிருந்த டிசைன் சயின்ஸ் என்ற சின்ன நிறுவனம். அவர்கள் விற்ற மேத்டைப் என்ற மென்பொருளின் மெலிந்த தம்பி இது. அதெல்லாம் பிறகு தெரிந்தது. அன்றைக்குத் தெரிந்தது சாம்பல் நிறத்தில் ஒரு சின்னப் பட்டை மட்டும். மேல்வரிசையில் பத்து பொத்தான், எல்லாம் குறிகள்; கீழ்வரிசையில் ஒன்பது, எல்லாம் வார்ப்புகள். கீழ்வரிசையில் பின்னத்தை அழுத்தினேன். நடுவில் ஒரு கோடு, மேலே ஒரு புள்ளிக்கட்டம், கீழே ஒரு புள்ளிக்கட்டம். காலி வீடு மாதிரி இரண்டும் காத்துக்கொண்டிருந்தன.

முதல் வினாத்தாளில் முதல் கணக்கை அடிக்க முக்கால் மணி நேரம் ஆனது. டைப்ரைட்டிங் படித்தவள் இடமிருந்து வலமாகத்தான் போவாள். கண்ணில் முதலில் படுவதை அடித்துவிட்டு அடுத்ததைப் பார்ப்பாள். இந்த எடிட்டர் அதற்கு ஒத்துவரவில்லை. எல்லாவற்றையும் அடித்த பிறகு "இதற்கு மேல் வர்க்கமூலம் இருக்கிறதே" என்று கண்டுகொண்டால், அடித்ததை வெட்டி, மூலத்தைப் போட்டு, அதற்குள் ஒட்ட வேண்டும். ஸ்பேஸ் பாரைத் தட்டினால் இடைவெளி விழாது, பீப் என்று கத்தும். கன்ட்ரோலைச் சேர்த்து அழுத்தினால் மெல்லிசாக ஓர் இடைவெளி கிடைக்கும். இடைவெளி எங்கே வரவேண்டும் என்பது தனக்குத்தான் தெரியும் என்ற எண்ணம் அதற்கு. எங்கள் மாமியாரைப் பற்றிப் பின்னாளில் எனக்கு இதே அபிப்பிராயம் இருந்தது.

சார் பின்னால் ஸ்டூலில் உட்கார்ந்து பார்த்துக்கொண்டே இருந்தார். கடைசியில் சொன்னார்: "அடிக்கிறதுக்கு முன்னாடி ஒண்ணு கேட்டுக்கோ பொண்ணே. இதுல எல்லாருக்கும் வெளியே இருக்கிறது யார்? அவங்களைக் கூப்பிடு முதல்ல. அப்புறம் அவங்களுக்குள்ள யாரு, அவங்களுக்குள்ள யாருன்னு போ."

எல்லாருக்கும் வெளியே பின்னம். பின்னத்தின் தொகுதியில் ஒரு கழித்தல், அதன் பக்கத்தில் வர்க்கமூலம். மூலத்துக்குள் பி வர்க்கம். பகுதியில் இரண்டு ஏ. பத்தாம் வகுப்பில் மனப்பாடம் செய்து மறந்துபோன அந்தச் சூத்திரம், வீட்டுக்குள் வீடாக முதல் முறை எனக்குக் கண்ணில் தெரிந்தது. லயன் வீட்டில் முன்னறை, அதற்குப் பின்னால் அடுப்படி, அடுப்படிக்குள் பரண், பரண்மேல் தகரப்பெட்டி. பெட்டியில் இருக்கிற பட்டுப்புடவையை எடுக்கப் போகிறவள் முன்வாசல் வழியாகத்தானே போக வேண்டும்.

சாவிக்கட்டளைகள் கைக்கு வந்த பிறகு வேகம் கூடியது. கன்ட்ரோல் எஃப் பின்னம், கன்ட்ரோல் ஆர் மூலம், கன்ட்ரோல் ஹெச் அடுக்கு, கன்ட்ரோல் எல் கீழொட்டு, கன்ட்ரோல் ஐ தொகையீடு. கன்ட்ரோல் ஜி அடித்துவிட்டு ஏ அடித்தால் ஆல்ஃபா. மவுஸைத் தொடாமல் ஒரு பக்கம் முடிப்பேன். ஆனால் ஒரு பொறி இருந்தது, பழகியவர்களும் விழுகிற பொறி. அடுக்குக்கு ஏறினால் இறங்க வேண்டும். எக்ஸ் அடித்து, மேலே ஏறி 2 அடித்து, வலப்பக்க அம்பை அழுத்தாமல் தொடர்ந்தால் மீதிக் கணக்கு முழுவதும் அந்த அடுக்கிலேயே குடியேறிவிடும். தரையில் 12 புள்ளி, அடுக்கில் 7, அடுக்கின் அடுக்கில் 5. இறங்க மறந்தவளின் கணக்கு எறும்பு வரிசையாக வானத்தில் போய்க்கொண்டிருக்கும்.

உள்ளே, வெளியே, ஏறு, இறங்கு என்று பார்க்கிற இந்தப் பழக்கம் இன்னொரு விதத்தில் உதவியது. 2001 என்று நினைவு, ஒரு நவம்பரில் மழையில் சாலையில் மண் சரிந்து பஸ் நின்றது. கோத்தகிரிக்கு அந்தப் பக்கம் ஒரு ஹட்டியில் சாரின் வீடு. மறுநாள் காலை வினாத்தாள் வேண்டும், கடைசி ஆறு கணக்கு பாக்கி. எஸ்டிடி கூண்டுக்குப் போன் வந்தது. அண்ணா ஒயரை இழுத்து ரிசீவரை என் தோளில் வைத்துவிட்டுப் போனார். சார் சொல்லச் சொல்ல அடித்தேன். தொகுதி, பகுதி என்று சொன்னால் இரைச்சலில் இரண்டும் ஒன்றாகக் கேட்டது. பத்து நிமிடத்தில் எங்களுக்குள் ஒரு பாஷை உண்டாகிவிட்டது. பின்னம் என்றால் "வீடு கட்டு". தொகுதி "மாடி", பகுதி "கீழ்வீடு". வர்க்கமூலம் "கூரை". அடுக்கு "ஏறு".

"வீடு கட்டு. மாடியில ஒண்ணு. கீழ்வீட்டுல கூரை போடு. கூரைக்குள்ள ஒண்ணு, கழித்தல், எக்ஸ், ஏறு, ரெண்டு, இறங்கு. கூரை முடிஞ்சுது. வெளியே வா."

பக்கத்தில் ஜெராக்ஸ் எடுக்க நின்றவர் எங்கள் வீட்டில் கட்டடவேலை நடக்கிறதா என்று அண்ணாவிடம் கேட்டார்.

பல வருடம் கழித்துத்தான் படித்தேன்: அமெரிக்காவில் பெல் ஆய்வகத்தில் பிரையன் கெர்னிகனும் லொரிண்டா செர்ரியும் கணிதம் அச்சிட ஒரு மொழி செய்து, 1975-இல் அதைப் பற்றி ஒரு கட்டுரை வெளியிட்டிருக்கிறார்கள். குறிகளைப் படமாக வரையாமல், வாயால் படிக்கிற மாதிரியே வார்த்தைகளாக அடிக்கலாம்: இது ஓவர் அது, ஸ்கொயர் ரூட் ஆஃப் இது. கணிதமும் தெரியாத, அச்சுக்கோப்பும் தெரியாத தட்டச்சுக்காரர்கள் சுலபமாகக் கற்றுக்கொள்ளட்டும் என்பதற்காக இப்படிச் செய்தோம் என்று அதில் எழுதியிருக்கிறார்கள். நான் பிறப்பதற்கு முன்பே என்னை மனதில் வைத்து யாரோ உட்கார்ந்து யோசித்திருக்கிறார்கள் என்பதில் எனக்கு உண்டான கர்வம் கொஞ்சநஞ்சமல்ல. வீடு, மாடி, கூரை என்று நாங்கள் போனில் செய்ததும் அதுதானே. அவர்கள் செய்ததற்கு இலக்கணம் இருந்தது, எங்களுடையதற்கு இரைச்சல் இருந்தது.

எனக்கென்று சொந்தமாக ஒரு கண்டுபிடிப்பு உண்டு. தமிழ் வழி வினாத்தாளில் சமன்பாட்டுக்கு நடுவிலேயே "எனில்" என்று ஒரு சொல் வரும். அன்றைக்கு யூனிகோடு எங்கள் கடைவரை ஏறி வரவில்லை, பாமினி எழுத்துருதான். அதில் தமிழ் என்பது ஆங்கில எழுத்துகள் போட்ட வேஷம். அம்மா என்பதற்கு எம், கே, அரைப்புள்ளி, கே, ஹெச். எடிட்டருக்குள் "எனில்" என்று அடித்தால் வேஷம் கலைந்து வி, டி, பி, ஒய், அரைப்புள்ளி என்று சாய்வெழுத்தில் நிற்கும். நாலு மாறிகளைப் பெருக்கியதுபோல. சமன்பாட்டை இரண்டாக உடைத்து நடுவில் எனிலை வெளியே அடித்துப் பார்த்தேன். பெரிய அடைப்புக்குறிக்குள் வருகிற எனிலுக்கு அது பலிக்கவில்லை. ஒரு கரண்ட் போன மாலை, யுபிஎஸ் கத்திக்கொண்டிருக்கும்போது, ஸ்டைல் மெனுவில் டிஃபைன் என்பதைத் திறந்து டெக்ஸ்ட் என்ற வரியில் பாமினியை வைத்தேன். கன்ட்ரோல் ஷிஃப்ட் ஈ அழுத்தி அடித்தேன். சமன்பாட்டின் வயிற்றுக்குள் அழகாக "எனில்" வந்து உட்கார்ந்தது. சேவ் செய்வதற்குள் யுபிஎஸ் அடங்கிவிட்டது. அந்த இருட்டில் நான் சிரித்ததை அண்ணா பார்க்கவில்லை.

கர்வத்துக்கு அடி விழவும் செய்தது. பக்கத்துக்கு நாற்பது ஐம்பது சமன்பாடு இருந்தால் கம்ப்யூட்டர் மூச்சு வாங்கும். அதனால் பை, ஆல்ஃபா, முடிவிலி போன்ற ஒற்றைக் குறிகளுக்கு எடிட்டரைத் திறக்காமல், வேர்டிலேயே சிம்பல் எழுத்துருவுக்கு மாற்றி ஓர் எழுத்தை அடித்து வேலையை முடித்துக்கொள்வேன். நேரம் மிச்சம். ஒரு முறை ஐநூறு பிரதி வேண்டும் என்று ஃப்ளாப்பி மேட்டுப்பாளையத்துக்கு ஓர் அச்சகத்துக்குப் போனது. அங்கே இருந்த பையன் மொத்தத்தையும் தேர்ந்து தன் எழுத்துருவுக்கு மாற்றியிருக்கிறான். எடிட்டரில் செய்தவை எல்லாம் அசையாமல் இருந்தன. நான் குறுக்குவழியில் போட்டவை மட்டும் வேஷம் கலைந்துவிட்டன. பை, பி ஆனது. முடிவிலி ஜப்பானிய யென் குறி ஆனது. "சிறியது அல்லது சமம்" பிரிட்டிஷ் பவுண்டு ஆனது. எக்ஸ் யென்னை நெருங்கும்போது எல்லை காண்க. சார் ஒரு தாளை எடுத்துவந்து என் முன்னால் வைத்தார். திட்டவில்லை. "ஃபாரின் எக்ஸ்சேஞ்சு எல்லாம் நம்ம சிலபஸ்ல கிடையாதேம்மா" என்றார். அன்றிலிருந்து ஒற்றைப் பைக்குக்கூட எடிட்டரைத் திறந்தேன்.

ஃப்ளாப்பிகளைக் காப்பாற்றுவது தனி வேலை. மலைக்குளிரில் மூன்று மாதம் சும்மா கிடந்தால் உள்ளே தட்டில் வெள்ளையாகப் பூஞ்சணம் பூக்கும். ஸ்டூடியோக்காரர் லென்ஸுக்குச் செய்வதைப் பார்த்து, ஓர் அலமாரிக்குள் நாற்பது வாட்ஸ் பல்பை எரியவிட்டு அதற்குள் அடுக்கி வைத்தோம். கோழிக்குஞ்சு வளர்க்கிறோம் என்று நினைத்தவர்களும் உண்டு. 2006-இல் அவற்றை எல்லாம் ஒரு சிடியில் ஏற்றினேன். மூன்றில் ஒரு பங்கு திறக்கவே இல்லை.

கடைசிக் காலத்தில் ஊட்டி அரசு கலைக் கல்லூரியில் கணிதம் படித்த ஒரு பையன் புராஜெக்ட் பிரிண்ட் எடுக்க வந்தான். நான் அடிப்பதைப் பார்த்து, லேடெக்ஸ் என்று ஒன்று இருக்கிறது அக்கா, இலவசம், இதைவிட ஆயிரம் மடங்கு அழகு என்றான். டொனால்ட் நூத் என்ற பேராசிரியர், தன் புத்தகத்தின் மறுபதிப்புக்கு 1977-இல் வந்த அச்சுப்படியின் அலங்கோலம் பொறுக்காமல் டெக்ஸ் என்பதை எழுத உட்கார்ந்தாராம். ஒரு வருடத்தில் முடியும் என்று நினைத்தது பத்து வருடம் இழுத்ததாம். அதன்மேல் கட்டியது லேடெக்ஸ். ஒரு காகிதத்தில் எழுதிக் காட்டினான். பின்னம் என்று முதலில் அறிவித்துவிட்டு, நெளி அடைப்புக்குள் மாடி, இன்னொரு நெளி அடைப்புக்குள் கீழ்வீடு. நமக்குத் தெரிந்த வழிதான் என்று சொன்னேன். அவனுக்கு அது பிடிக்கவில்லை.

2007-இல் எனக்குக் கல்யாணம். அதே வருடம் வந்த வேர்டில் புதிதாக வேறொரு சமன்பாட்டு வசதி வைத்தார்கள். பழையது ஒரு மூலையில் இருந்துகொண்டே இருந்தது. 2017 நவம்பரில்தான் அதற்கு வினை வந்தது. 2000-த்தில் தொகுத்து வைத்த அந்தப் பழைய கோப்பில், எழுத்துருவின் பெயர் அளவுக்கு மீறி நீளமாக வந்தால் நினைவகம் வழிந்து, வெளியார் உள்ளே நுழையலாம் என்று கண்டுபிடித்தார்கள். பதினேழு வருடம் யார் கண்ணிலும் படாத ஓட்டை. முதலில் ஒட்டுப்போட்டார்கள். 2018 ஜனவரியில் வந்த அப்டேட்டோடு எடிட்டரையே பிடுங்கி எறிந்துவிட்டார்கள். யார் வெளியே, யார் உள்ளே என்பதை எனக்குக் காட்டிய மென்பொருள், வெளியே நிற்க வேண்டியவனை உள்ளே விட்டதற்காகப் போனது.

மகள் இப்போது பிளஸ் டூ. கணக்கு குரூப், என்னைக் கேட்காமல் எடுத்தாள். போன மாதம் தொகையீட்டில் பயிற்சி போதவில்லை என்றாள். சாரின் வினாத்தாள்கள் ஞாபகம் வந்தது. சிடியிலிருந்து எப்போதோ பென்டிரைவுக்கு மாற்றி வைத்திருந்தேன். லேப்டாப்பில் 2003 அரையாண்டைத் திறந்தோம்.

தமிழ் ஓர் எழுத்துகூட இல்லை. பாமினி இல்லாததால் பக்கம் முழுக்க ஆங்கிலக் கூளம். சமன்பாடுகள் மட்டும் நின்ற இடத்தில் நின்றிருந்தன. ஆனால் அவை இப்போது வெறும் படங்கள். இரண்டு தரம் க்ளிக் செய்தால் அந்த மென்பொருள் இல்லை என்ற செய்தி வருகிறது. சிலவற்றில் காற்புள்ளிகளுக்கு நடுவே மூன்று புள்ளி இருக்க வேண்டிய இடத்தில் கே என்ற எழுத்து. அந்தப் புள்ளிகள் எம்டி எக்ஸ்ட்ரா என்ற தனி எழுத்துருவில் இருந்தவை. எடிட்டரோடு அதுவும் போய்விட்டது.

"அம்மா, இந்தக் கே எந்த வேரியபிள்?"

"அது கே இல்லடி, புள்ளி. 'இப்படியே போகும்'னு அர்த்தம்."

"சரி, மேல என்ன எழுதியிருக்கு?"

கண்ணால் படிக்க முடியவில்லை. மேஜைமேல் விரல்களை வைத்து, கூளத்தில் ஒவ்வோர் எழுத்தாகத் தட்டிப் பார்த்தேன். விரல் தட்டத் தட்ட வாய் தானாகச் சொன்னது: "பின்வருவனவற்றுள் சரியான விடையைத் தேர்ந்தெடுத்து எழுதுக." மகள் என் கையைப் பார்த்தாள், திரையைப் பார்த்தாள், நோட்டில் எழுதிக்கொண்டாள். ஒரு பக்கத்தைத் தாண்ட முக்கால் மணி நேரமானது.

இரவு பத்து மணிக்கு அடுப்படிக்கு வந்தாள். பூஜ்யத்திலிருந்து அரைவரை ஒரு தொகையீடு. வீட்டின் கீழ்ப்பகுதியில் கூரை, கூரைக்குள் ஒன்றும் எக்ஸ் வர்க்கமும். கொடுத்திருக்கிற நாலு விடையும் பையை ஏதோ ஓர் எண்ணால் வகுத்தவை. தனக்கு லாக் வருகிறது என்றாள். மூன்று தரம் போட்டுவிட்டாளாம்.

பிரிண்ட்டை வாங்கி விளக்குக்கு நேரே பிடித்தேன். கூரைக்குள் கூட்டல். சார் அதைக் கழித்தல் என்று எனக்குப் போனில் சொன்ன குரல்கூட நினைவிருக்கிறது. இரண்டு வருடம் கழித்து அதே கணக்கைத் திரும்ப அடித்தபோது விரல் தவறியிருக்கிறது. அந்த வருடம் பரீட்சை எழுதிய ஒருவரும் வந்து கேட்கவில்லை. சார் அந்தக் கணக்கை வகுப்பில் அத்தனை தடவை போட்டிருப்பார். பிள்ளைகள் குறியைப் பார்க்காமலே பை வகுத்தல் ஆறு என்று எழுதிவிட்டுப் போயிருப்பார்கள்.

"திருத்திட்டு வேற பிரிண்ட் எடுத்துக் கொடேன்" என்றாள்.

"திறக்காதுடி."

அவள் பென்சில் பாக்ஸிலிருந்து ஒயிட்னரை எடுத்து, கூட்டலின் நெட்டுக்கோட்டில் மட்டும், படுக்கைக்கோட்டில் படாமல், மேலே ஒரு சொட்டும் கீழே ஒரு சொட்டும் வைத்தேன். காயட்டும் என்று வாயால் ஊதினேன்.